யுரேனியம் யாருடைய மண்ணிலிருந்து வருகிறது?



2025-ஆம் ஆண்டு ஜூன் மாதம் மேற்கு ஆப்பிரிக்க நாடான நைஜரின் இராணுவ அரசு ஓர் அறிவிப்பை வெளியிட்டது. நாட்டின் வடக்கே, சகாரா பாலைவனத்து நகரமான ஆர்லிட்டில் இயங்கிவந்த 'சோமைர்' யுரேனியச் சுரங்கம் இனி நாட்டுடைமை என்பதே அந்த அறிவிப்பு. அதுவரை அச்சுரங்கத்தின் பெரும்பங்கு ஒரானோ என்னும் பிரெஞ்சு நிறுவனத்திடம் இருந்தது. அந்த நிறுவனத்தின் பெரும்பங்கோ பிரான்சு அரசுக்குச் சொந்தம். எங்கோ நடக்கும் சண்டை என்று இச்செய்தியை நாம் கடந்துபோயிருக்கலாம். ஆனால் இதற்குப் பின்னால் ஐம்பது ஆண்டுக் கதை ஒன்று இருக்கிறது. அந்தக் கதை அமெரிக்கா, கனடா, காங்கோ என்று சுற்றி, நம் நாட்டுச் ஜார்க்கண்ட் வழியாக நம் கடற்கரைவரை வருகிறது. எனவே இதைச் சற்றுப் பொறுமையாகப் பார்ப்போம்.

முதலில் நைஜர். ஆர்லிட்டில் 1971 முதல் யுரேனியம் எடுக்கப்படுகிறது. அருகிலேயே ஆக்கூட்டா என்னுமிடத்தில் நிலத்தடிச் சுரங்கம் ஒன்று 1978-இல் தொடங்கி 2021 மார்ச்சு வரை இயங்கியது. பிரான்சு நாடு தன் மின்சாரத்தில் மூன்றில் இரண்டு பங்கை அணு உலைகளிலிருந்து பெறுகிறது. ஆனால் அதன் சொந்த மண்ணில் இருந்த கடைசி யுரேனியச் சுரங்கத்தை 2001-லேயே மூடிவிட்டது. நைஜரிலோ ஐந்து பேரில் ஒருவருக்குத்தான் மின்சாரம் கிடைக்கிறது. அதிலும் பெரும்பகுதியை அண்டை நாடான நைஜீரியாவிடமிருந்து விலைக்கு வாங்குகிறார்கள். 2023 ஜூலையில் இராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது, தண்டனையாக நைஜீரியா அந்த மின்சாரத்தை நிறுத்தியது. தலைநகர் நியாமே இருளில் மூழ்கியது. உலகுக்கு யுரேனியம் தந்த நாட்டின் நிலை இது. இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஆர்லிட் சுரங்கங்களை இயக்கிய மின்சாரம் அந்த வட்டாரத்திலேயே நிலக்கரியை எரித்துத் தயாரிக்கப்பட்டது. புகையில்லா மின்சாரம் பாரிசுக்கு, புகை ஆர்லிட்டின் பக்கத்துக்கு!

ஆக்கூட்டாச் சுரங்கம் மூடப்பட்டபோது அங்கே மீந்தது சுமார் 2 கோடி டன் கழிவு. பாலைவனத்தில் காற்றுக்குக் குறைவில்லை என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. சுரங்கத்திலிருந்து வந்த கழிவுக் கற்கள் தெருக்களுக்கும் வீடுகளுக்கும் பயன்படுத்தப்பட்டதையும், சில இடங்களில் கதிரியக்கம் இயல்பைவிடப் பலமடங்கு இருந்ததையும் கிரீன்பீஸ் அமைப்பு 2010-இல் வெளியிட்ட அறிக்கையில் எழுதியது.

இராணுவ ஆட்சியை நான் புகழ்கிறேன் என்று யாரும் எண்ண வேண்டாம். தேர்ந்தெடுக்கப்பட்ட குடியரசுத் தலைவரைச் சிறைவைத்து அதிகாரத்தைப் பிடித்தவர்கள் அவர்கள். சுரங்கம் நாட்டுடைமையானதால் ஆர்லிட் குடும்பங்களுக்கு நல்ல தண்ணீர் கிடைத்துவிடப் போவதுமில்லை. உரிமையாளர் மாறினார், கழிவுமலை அங்கேயேதான் இருக்கிறது.

நைஜர் மட்டும்தான் இப்படியா? உலக வரைபடத்தைப் பார்த்தால் ஓர் உண்மை புலப்படும். இன்று உலகில் எடுக்கப்படும் யுரேனியத்தில் சுமார் 40 விழுக்காடு கசகஸ்தானிலிருந்து வருகிறது. அதற்கு அடுத்து கனடா, நமீபியா. இம்மூன்றும் சேர்ந்து மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் தருகின்றன. கசகஸ்தானில் இன்று இயங்கும் அணுமின் நிலையம் ஒன்றுகூட இல்லை. முன்பு இருந்த ஒன்று 1999-இல் மூடப்பட்டது. புதிதாகக் கட்டுவதற்கு 2024-இல்தான் மக்கள் வாக்களித்தார்கள். நமீபியாவில் இல்லை. நைஜரில் இல்லை. உலகிலேயே அதிக யுரேனிய இருப்பைத் தன் மண்ணில் வைத்திருக்கும் ஆஸ்திரேலியாவில் மின்சாரத்துக்கான அணு உலை எதுவும் இல்லை. மறுபக்கம், தொண்ணூறுக்கும் மேற்பட்ட உலைகளை இயக்கும் அமெரிக்கா தனக்குத் தேவையான யுரேனியத்தில் மிகச் சிறு பகுதியையே தன் மண்ணில் எடுக்கிறது. கனடாவும் வேறு சிலவும் விதிவிலக்குகள். மற்றபடி தோண்டுகிற நாடு வேறு, எரிக்கிற நாடு வேறு.

இனி அந்தக் கல்லைப் பற்றிச் சிறிது. கதிரியக்கம் என்றதும் நம் மக்களுக்கு உலை வெடிப்பதுதான் நினைவுக்கு வருகிறது. சுரங்கத்தின் ஆபத்து வேறுவகையானது, மெதுவானது. யுரேனியம் பூமிக்குள் கோடிக்கணக்கான ஆண்டுகளாகச் சிதைந்து வேறு தனிமங்களாக மாறிக்கொண்டே இருக்கிறது. அப்படிப் பிறக்கும் பிள்ளைகளுள் ஒன்று ரேடியம். ரேடியத்தின் பிள்ளை ரேடான். இது வாயு. இதற்கு மணமில்லை, நிறமில்லை. பாறை மூடிக்கிடக்கும்வரை ரேடானும் பெரும்பாலும் உள்ளேயே அடங்கிக்கிடக்கும். பாறையை உடைத்தால் சுரங்கக் காற்றில் கலந்துவிடும். தொழிலாளர் அதைச் சுவாசிக்கும்போது, அதிலிருந்து பிறக்கும் நுண்துகள்கள் நுரையீரலில் ஒட்டிக்கொண்டு கதிர்வீசுகின்றன. புற்றுநோய் வெளிப்படப் பத்து இருபது ஆண்டுகள் ஆகலாம். அதற்குள் அவர் வேலையை விட்டிருப்பார், நிறுவனமும் ஊரைவிட்டுப் போயிருக்கும்.

யுரேனியத்தைப் பிரித்தெடுத்தபின் அரைத்த பாறை சேறாகக் குட்டைகளில் கொட்டப்படுகிறது. மூலப்பாறையில் இருந்த கதிரியக்கத்தில் சுமார் 85 விழுக்காடு இந்தச் சேற்றிலேயே தங்கிவிடுகிறது. எடுத்துச் செல்லப்படும் மஞ்சள் நிறத் தூளைவிட விட்டுச் செல்லப்படும் சேறுதான் உள்ளூருக்கு அதிகத் தொல்லை. அதிலுள்ள தோரியம்-230 என்னும் தனிமம் பாதியாகக் குறையவே 75 ஆயிரம் ஆண்டுகள் வேண்டும். எந்த நிறுவனத்தின் ஒப்பந்தத்தில் இத்தனை ஆண்டுகளுக்குக் கையெழுத்துப் போட முடியும்?

இந்த ஆபத்து அக்காலத்தில் தெரியாது என்று சொல்வார் உண்டு. தெரியும். செருமனியின் ஷ்னீபெர்க் சுரங்கத் தொழிலாளரை வாட்டிய 'மலைநோய்' உண்மையில் நுரையீரல் புற்றுநோய்தான் என்று 1879-லேயே இரண்டு மருத்துவர்கள் எழுதிவிட்டார்கள். அதற்கு அறுபது ஆண்டுகளுக்கும் மேல் கழிந்த பின்னரே அமெரிக்காவின் நவஹோ பழங்குடி மக்கள் யுரேனியச் சுரங்கங்களுக்குள் இறக்கப்பட்டார்கள்.

நவஹோ மக்களின் கதையில் நாம் கொஞ்சம் தங்கிச் செல்ல வேண்டும். அமெரிக்காவின் தென்மேற்கில் அரிசோனா, நியூ மெக்சிகோ, யூட்டா மாநிலங்களில் பரந்திருக்கும் நவஹோ நிலத்திலிருந்து 1944 முதல் 1986 வரை ஏறத்தாழ 3 கோடி டன் யுரேனியத் தாது வெட்டி எடுக்கப்பட்டது. வாங்கியது அரசு, வாங்கிய காரணம் அணுகுண்டு. சுரங்கங்கள் சிறியவை, காற்றோட்டத்துக்கு வழியில்லை. வெடிவைத்த புழுதி அடங்குமுன்பே ஆண்களை உள்ளே அனுப்பினார்கள். அவர்கள் அங்கேயே உண்டு, பாறையிலிருந்து சொட்டிய நீரையே குடித்தார்கள். மாலையில் புழுதி படிந்த உடையோடு வீட்டுக்கு வந்தார்கள், மனைவியர் அவற்றைக் குழந்தைகளின் துணிகளோடு சேர்த்துத் துவைத்தார்கள். சுரங்கத்தின் வாயிலில் கிடந்த கற்களைக் கொண்டுவந்து வீடும் கட்டினார்கள். நவஹோ மொழியில் கதிரியக்கத்துக்கு ஒரு சொல்லே கிடையாது. சொல்லே இல்லாத ஒன்றைப் பற்றி அவர்களை எச்சரிக்க வேண்டியவர்கள் எச்சரிக்கவில்லை.

இதில் என்னை மிகவும் உறுத்துவது வேறொன்று. 1950 முதல் அமெரிக்கப் பொதுச் சுகாதாரத் துறையின் மருத்துவர்கள் இத்தொழிலாளரைச் சோதித்து வந்தார்கள். இரத்தம் எடுத்தார்கள், கணக்கெடுத்தார்கள், யார் எப்போது இறக்கிறார் என்று குறித்துக்கொண்டார்கள். சுரங்கத்துக்குள் நுழைய நிறுவனங்களின் அனுமதி தேவைப்பட்டதால், ஆபத்தைத் தொழிலாளரிடம் சொல்லவில்லை. ரேடானுக்கு நடுவண் அரசின் வரம்பு 1967-இல்தான் வந்தது. யோபு நூலின் 28-ஆம் அதிகாரம், ஊரைவிட்டு வெகுதொலைவில் ஆழத்தில் தொங்கி வேலைசெய்யும் சுரங்கத் தொழிலாளரை வருணிக்கிறது. எவர் கண்ணுக்கும் தெரியாதவர்கள் அவர்கள். நவஹோ தொழிலாளர்கள் கண்ணுக்குத் தெரிந்தார்கள், பதிவேட்டில் எண்களாகவே தெரிந்தார்கள்.

1990-இல்தான் அமெரிக்க நாடாளுமன்றம் இழப்பீட்டுச் சட்டம் ஒன்றை இயற்றியது. தொழிலாளருக்கு ஓர் இலட்சம் டாலர். ஆனால் கணவனை இழந்த பெண்கள் திருமணச் சான்றிதழ் கொண்டுவர வேண்டும் என்றார்கள். பழங்குடி முறைப்படி மணமுடித்தவர்களுக்கு ஏது சான்றிதழ்? திருமணப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டே வயதாகிவிட்ட எனக்கு, ஒரு தாள் இல்லாததால் ஒரு விதவை இத்தனை அலைய வேண்டியிருந்தது என்பதை வாசிக்கையில் மனம் கனத்தது. இச்சட்டம் 2024 ஜூனில் காலாவதியானது, ஓராண்டுக்கும் மேலாக ஏதுமில்லாமல் கிடந்து, 2025 ஜூலையில் மீண்டும் உயிர்பெற்றது.

1979 ஜூலை 16 அன்று, நியூ மெக்சிகோவின் சர்ச் ராக் என்னுமிடத்தில் கழிவுக் குட்டையின் கரை உடைந்தது. சுமார் 35 கோடி லிட்டர் கதிரியக்க அமிலநீரும், ஆயிரம் டன்னுக்கு மேற்பட்ட திடக்கழிவும் புவெர்க்கோ ஆற்றில் பாய்ந்தன. ஆடு மேய்க்கும் நவஹோ குடும்பங்கள் பயன்படுத்திய ஆறு அது. அதே ஆண்டு மார்ச்சில் பென்சில்வேனியாவின் திரீ மைல் ஐலண்டு உலையில் நடந்த விபத்து உலகெங்கும் பேசப்பட்டது, இன்றும் பேசப்படுகிறது. சர்ச் ராக் உடைப்பில் வெளியேறிய கதிரியக்கம் அதைவிட அதிகம். பெயர் கேள்விப்பட்டவர்கள் எத்தனை பேர்? கைவிடப்பட்ட சுரங்கங்கள் மட்டும் நவஹோ நிலத்தில் ஐந்நூறுக்கும் மேல் இருக்கின்றன. தங்கள் நிலத்தில் யுரேனியம் எடுப்பதை 2005-இல் நவஹோ மக்கள் தாங்களே சட்டம் இயற்றித் தடைசெய்தார்கள்.

அணுகுண்டு என்றதும் ஹிரோஷிமா, நாகசாகி நினைவுக்கு வரும். அந்தக் குண்டுகளுக்கான யுரேனியம் எங்கிருந்து வந்தது என்று நாம் கேட்பதில்லை. பெரும்பகுதி, அன்று பெல்ஜியத்தின் ஆட்சியில் இருந்த காங்கோவின் ஷின்கொலோப்வே சுரங்கத்திலிருந்து வந்தது. மற்றவை கனடாவிலிருந்தும் அமெரிக்காவின் கொலராடோ மேட்டுநிலத்திலிருந்தும். நாகசாகியில் விழுந்த குண்டு புளூட்டோனியத்தால் ஆனது, அந்தப் புளூட்டோனியமும் யுரேனியத்தை உலையிலிட்டுப் பெற்றதுதான். 1945 ஆகஸ்டு 9 அன்று அது வெடித்தது ஊராக்கமி பகுதியின்மேல். சப்பானியக் கத்தோலிக்கரின் இதயம் போன்ற இடம். அந்தப் பங்கில் சுமார் 12 ஆயிரம் பேர் இருந்தார்கள். அவர்களுள் 8 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். பேராலயம் தரைமட்டமாயிற்று.

கனடாவின் வடகோடியில் கிரேட் பேர் ஏரிக்கரையில் டெலினே என்ற சிற்றூர் உண்டு. அங்கு வாழ்பவர்கள் டெனே பழங்குடியினர். ஏரியின் மறுகரையில் இருந்த போர்ட் ரேடியம் சுரங்கத்திலிருந்து யுரேனியத் தாதுவைச் சாக்கு மூட்டைகளில் கட்டித் தோளில் சுமந்து படகில் ஏற்றியவர்கள் இவ்வூர் ஆண்கள். மூட்டையில் இருப்பது என்ன, எதற்குப் போகிறது என்று அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. பிற்காலத்தில் ஊரில் புற்றுநோய்ச் சாவுகள் அதிகமாக, அது 'விதவைகளின் ஊர்' என்று பெயர்பெற்றது. அரசும் ஊராரும் சேர்ந்து நடத்திய ஆய்வு 2005-இல் வெளியானபோது, அந்தச் சாவுகளுக்கும் யுரேனியத்துக்கும் உறுதியான தொடர்பைக் காட்டப் போதிய சான்று இல்லை என்றது. அதையும் நாம் மறைக்காமல் சொல்ல வேண்டும். ஆனால் 1998 ஆகஸ்டில் டெலினே மக்கள் செய்தது இதுதான்: தாங்கள் சுமந்த மூட்டை எங்கே போனது என்று தெரிந்தபின், ஒரு குழுவை ஹிரோஷிமாவுக்கு அனுப்பினார்கள். குண்டு விழுந்த நினைவுநாளில் அங்கே நின்று, தப்பிப் பிழைத்தவர்களிடம் தங்கள் வருத்தத்தைத் தெரிவித்தார்கள். மூட்டை சுமந்தவர்கள் அவர்கள். குண்டு செய்தவர்கள் அல்லர்.

இதே கனடாவில் இன்று நடப்பதைப் பாருங்கள். சஸ்காச்சுவான் மாநிலத்தில் சிகார் லேக் என்னும் சுரங்கம் 2014 முதல் யுரேனியம் தருகிறது. உலகிலேயே மிகச் செறிவான தாதுக்களில் ஒன்று அங்குதான். ஒரு கிலோ யுரேனியம் எடுக்கப் பத்துக் கிலோ பாறைகூட வேண்டாம். அத்தனை செறிவு என்றால் ஆபத்தும் அத்தனை. ஆனால் அங்கே தொழிலாளர் யாரும் தாதுவின் அருகே போவதில்லை. நிலத்தை உறைய வைத்து, கீழிருந்து நீரைப் பீய்ச்சித் தாதுவை அறுத்து, குழாய் வழியே கொண்டுவருகிறார்கள். எல்லாம் தொலைவிலிருந்து இயக்கும் கருவிகளால். செருமனியையும் பாருங்கள். கிழக்கு செருமனியில் 1946 முதல் 1990 வரை சோவியத் அணுகுண்டுகளுக்காக 'விஸ்முட்' நிறுவனம் 2 இலட்சம் டன்னுக்கு மேல் யுரேனியம் எடுத்தது. ஆயிரக்கணக்கானோர் நுரையீரல் புற்றுநோயால் மடிந்தார்கள். நாடு ஒன்றிணைந்தபின் செருமானிய அரசு 600 கோடி யூரோவுக்கு மேல் செலவிட்டு, சுரங்கங்களை மூடி, கழிவுக் குட்டைகளைப் போர்த்தி, மேடுகளில் மரம் நட்டது.

ஆகவே செய்ய முடியாதது எதுவும் இல்லை. கடுஞ்செறிவான தாதுவையும் ஆளுக்கு ஆபத்தின்றி எடுக்கலாம். மலைமலையான கழிவையும் மூடலாம். அப்படியானால் நவஹோ நிலத்திலும் ஆர்லிட்டிலும் ஏன் நடக்கவில்லை? மண்ணுக்கு மேலே வாழ்கிறவர்களின் குரலுக்கு எவ்வளவு விலை என்பதைப் பொறுத்தே அவர்களுக்கு நேரும் கேடும் அமைகிறது. சுரங்கங்களைப் பற்றி வாசிக்க வாசிக்க எனக்குத் தெளிவானது இதுவே. வட நாடுகளுக்கும் தென் நாடுகளுக்கும் இடையே உள்ள 'சுற்றுச்சூழல் கடன்' பற்றித் திருத்தந்தை பிரான்சிஸ் 2015-ஆம் ஆண்டுச் சுற்றுமடலில் எழுதியதை இங்கே நினைத்துக்கொள்ளலாம். ஆனால் இந்தக் கடன் நாடுகளுக்கு இடையே மட்டும் இருப்பதில்லை, ஒரே நாட்டுக்குள்ளும் உண்டு.

நம் நாட்டுக்கே வருவோம். ஜார்க்கண்டின் கிழக்கு சிங்பூம் மாவட்டத்தில் ஜாதுகுடா என்னும் ஊர். இந்திய யுரேனியக் கழகம் 1967-இல் தொடங்கப்பட்டது இந்தச் சுரங்கத்துக்காகவே. அங்கே வாழ்பவர்கள் சந்தால், ஹோ பழங்குடியினர். சுரங்கம் ஏறத்தாழ 900 மீட்டர் ஆழம் போகிறது. தாது மிக எளியது. ஒரு கிலோ யுரேனியத்துக்குச் சுமார் இரண்டு டன் பாறையை உடைத்து அரைக்க வேண்டும். சிகார் லேக்கின் பத்துக் கிலோவை நினைத்துப் பாருங்கள். ஆக, நம் நாட்டில் ஒவ்வொரு கிலோவுக்கும் இரண்டு டன் சேறு ஊரருகே மிஞ்சுகிறது. 2006 டிசம்பர் 24 அன்று, நாம் கிறிஸ்மஸ் நள்ளிரவுத் திருப்பலிக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்த நாளில், அந்தச் சேற்றைக் குட்டைக்குக் கொண்டுசெல்லும் குழாய் துங்ரிதி என்ற சிற்றூரருகே வெடித்தது. சேறு மணிக்கணக்கில் ஓடையில் கலந்தது. நிறுவனத்துக்குத் தகவல் சொன்னவர்கள் ஊர் மக்கள். அவர்களுள் பலர் சுரங்கத்துக்காகவே தங்கள் நிலத்தைவிட்டு அங்கே குடியேற்றப்பட்டவர்கள்.

ஜாதுகுடாவின் உடல்நலம் பற்றி நீண்டகால வழக்கு உண்டு. சுற்றுவட்டாரச் சிற்றூர்களில் பிறவி ஊனமும் குழந்தையின்மையும் அதிகம் என்று மருத்துவர் அமைப்பொன்று 2007-இல் எடுத்த கணக்கெடுப்பு கூறியது. கதிரியக்கம் வரம்புக்கு உட்பட்டதே, நோய்களுக்கு வறுமையும் சத்துக்குறைவுமே காரணம் என்கிறது யுரேனியக் கழகம். நான் மருத்துவன் அல்லன். ஆனால் அளப்பவரும் அளக்கப்படுபவரும் ஒரே துறைக்குள் இருந்தால் ஊர் மக்கள் எப்படி நம்புவார்கள்? சுரங்கம் நடத்துவது அணுசக்தித் துறையின் நிறுவனம், கதிரியக்கத்தைக் கணக்கிடுவதும் அதே துறையின் ஆய்வகம்.

இது நமக்கு எப்படி உறவாகிறது? கூடங்குளத்தின் இரண்டு உலைகளுக்கு எரிபொருள் இரஷ்யாவிலிருந்து வருகிறது. கல்பாக்கத்தின் கதை வேறு. 1984-லும் 1986-லும் தொடங்கிய கல்பாக்கத்தின் இரு மின் அலகுகளும் பன்னாட்டு அணுசக்தி முகமையின் கண்காணிப்புக்கு வெளியே வைக்கப்பட்டவை. எனவே இறக்குமதி செய்யும் யுரேனியத்தை அங்கே பயன்படுத்த முடியாது. உள்நாட்டு யுரேனியமே அங்கு எரிக்கப்பட்டது. 2012-இல் ஆந்திராவின் கடப்பை மாவட்டத்தில் தும்மலப்பள்ளி ஆலை இயங்கத் தொடங்கும்வரை உள்நாட்டு யுரேனியம் என்றாலே ஜார்க்கண்டின் சிங்பூம் வட்டாரம்தான். ஆக, சென்னையில் படித்த நம் பிள்ளைகளின் மேசை விளக்கில் சந்தால் மக்களின் மலை சிறிது எரிந்திருக்கிறது. 2011-லும் 2012-லும் இடிந்தகரை லூர்து மாதா ஆலய வளாகத்தில் நம் மக்கள் அமர்ந்திருந்தபோது உலை, கடல், மீன், கழிவு எல்லாம் பேசப்பட்டன. சுரங்கம் அதிகம் பேசப்படவில்லை. அது இயல்பே. அது நம் ஊரில் இல்லை.

எங்கள் இளையோர் கூட்டத்தில் கல்லூரி மாணவி ஒருத்தி கேட்டாள்: "ஃபாதர், நிலக்கரிச் சுரங்கத்துல சாகிறவங்க இதைவிட அதிகம் இல்லையா? பூமி சூடாகுறதுக்கும் நிலக்கரிதானே காரணம்?" நியாயமான கேள்வி. அணு உலை கரிப்புகை விடுவதில்லை என்பது உண்மை. ஒரே அளவு மின்சாரத்துக்கு நிலக்கரியைவிட யுரேனியம் தோண்டுவது மிகக் குறைவு என்பதும் உண்மை. அதே ஜார்க்கண்டில் ஜாரியாவின் நிலக்கரிப் படுகை நூறாண்டுக்கும் மேலாக நிலத்தடியில் எரிந்துகொண்டிருக்கிறது, அந்த மக்களும் நம் சகோதரர்கள்தாம். நான் அவளிடம் சொன்னது இவ்வளவே: 'தூய மின்சாரம்' என்று கணக்குப் போடுகிறவர்கள் உலையின் வாசலிலிருந்து கணக்கைத் தொடங்குகிறார்கள், சுரங்கத்தின் வாயிலிலிருந்து தொடங்கட்டும். கழிவுக் குட்டையை மூடும் செலவும், ஊர்க் கிணற்று நீரும், தொழிலாளியின் மார்பும் மின்கட்டணத்துக்குள் வரட்டும். அதற்குப் பிறகும் அணு மலிவு என்றால் அப்போது பேசலாம்.

இந்தப் பேச்சு இப்போது ஏன் அவசரம் என்றால், யுரேனியத்துக்கு மறுபடியும் பசி எடுத்திருக்கிறது. 2011-இல் ஃபுக்குஷிமா விபத்துக்குப்பின் சரிந்த விலை, 2024 சனவரியில் பவுண்டுக்கு 100 டாலரைத் தாண்டியது. 2023 டிசம்பரில் துபாயில் நடந்த காலநிலை மாநாட்டில், இருபதுக்கும் மேற்பட்ட நாடுகள் 2050-க்குள் அணுமின் திறனை மூன்று மடங்காக்கப் போவதாக அறிவித்தன. இந்தியாவோ 2047-க்குள் ஓர் இலட்சம் மெகாவாட் என்று 2025 வரவு செலவுத் திட்டத்தில் இலக்கு வைத்தது. அப்போது நம்மிடம் இருந்தது 8 ஆயிரம் மெகாவாட்டுக்குச் சற்று மேல்தான். இவ்வளவுக்கும் எங்கோ யாரோ தோண்ட வேண்டும்.

மேகாலயாவின் டொமியாசியாட் பகுதியில் யுரேனியம் இருப்பது தெரிந்து பல பத்தாண்டுகள் ஆகின்றன. இன்னும் அது மண்ணுக்குள்தான் இருக்கிறது. காசி மக்களின் வழக்கப்படி நிலம் குடும்பத்துக்கும் குலத்துக்கும் உரியது. அரசியல் சட்டத்தின் ஆறாவது அட்டவணை அதற்குப் பாதுகாப்பு. நிலத்துக்கு உரிய மூதாட்டி ஒருவர் கோடிக்கணக்கில் பணம் தருவதாகச் சொல்லியும் இணங்கவில்லை. 2020-இல் இறக்கும்வரை இணங்கவில்லை. கேட்கப்பட வேண்டிய இடத்தில் அவரைக் கேட்டார்கள், அவர் முடியாது என்றார்.

2025 செப்டம்பரில் ஒன்றியச் சுற்றுச்சூழல் அமைச்சகம் ஒரு குறிப்பாணை வெளியிட்டது. அணுக்கனிமச் சுரங்கத் திட்டங்களுக்கு இனிப் பொதுமக்கள் கருத்துக்கேட்பு தேவையில்லை என்றது அது. யுரேனியம் இதில் அடங்கும். நம் குமரிக் கடற்கரை மணலில் உள்ள மோனசைட்டும் அடங்கும். தோரியமும் சிறிதளவு யுரேனியமும் கொண்ட கனிமம் அது. கிள்ளியூர் வட்டத்தில் கீழ்மிடாலம், மிடாலம், இனயம்புத்தன்துறை, ஏழுதேசம், கொல்லங்கோடு ஆகிய ஊர்களில் 1,144 ஹெக்டேர் பரப்பில் மணல் எடுக்க ஒன்றிய அரசின் நிறுவனம் ஒன்று திட்டமிட்டது. இதற்கான கருத்துக்கேட்புக் கூட்டம் 2024 அக்டோபரில் நடப்பதாக இருந்து, மக்களின் எதிர்ப்பால் தள்ளிவைக்கப்பட்டது. அந்தக் குறிப்பாணையின்படி பார்த்தால் அப்படியொரு கூட்டம் கூட்ட வேண்டிய கட்டாயமே இல்லை. அதைத் திரும்பப்பெறும்படி தமிழக முதல்வர் என்ற முறையில் மு. க. ஸ்டாலின் அதே மாதம் பிரதமருக்குக் கடிதம் எழுதினார்.